தாயமும் தாளும்: ஐரோப்பிய வாரிசுரிமை பற்றிச் சில குறிப்புகள்

1

‘வாரிசு அரசியல் நிலப்பிரபுத்துவத்தின் எச்சம். முதலாளித்துவம் முழுசாக வளர்ந்த இடத்தில் அது தானாக உதிர்ந்துவிடும். ஐரோப்பாவைப் பாருங்கள்.’ எங்கள் வாசிப்பு வட்டத்தில் ஒரு நண்பர் இப்படிச் சொல்லித்தான் அன்றைய பேச்சை முடித்துவைத்தார். அதற்கு மேல் யாரும் எதுவும் பேசவில்லை. டீ வந்தது, குடித்தோம், கலைந்தோம். எனக்கு மட்டும் உறுத்திக்கொண்டே இருந்தது. ஒன்றை ‘எச்சம்’ என்று சொல்லிவிட்டால் அதைப் பற்றி யோசிக்கிற பொறுப்பு தீர்ந்துபோகிறது. எச்சம்தானே, காய்ந்தால் உதிரும், நாம் எதற்குக் கை வைக்க வேண்டும் என்று இருந்துவிடலாம்.

ஐரோப்பாவைப் பாருங்கள் என்றார் இல்லையா, பார்த்தேன். கையில் கிடைத்ததையெல்லாம் சில மாதங்கள் படித்தேன். எனக்குப் பிடிபட்டது இதுதான். வாரிசுரிமை இரத்தத்தின் காரியம் என்று அதை ஆதரிப்பவரும் நம்புகிறார், எதிர்ப்பவரும் நம்புகிறார். ஆனால் ஐரோப்பிய வரலாற்றில் இரத்தம் எங்கேயும் தானாக ஓடிப்போய்ச் சிம்மாசனத்தில் ஏறியதில்லை. ஆள்பவர் சாகும்போது ஒரு பள்ளம் விழுகிறது. அந்தப் பள்ளத்தை மூட ஒரு தாள் எழுதப்படுகிறது. பல சமயம் காரியம் முடிந்த பிறகு எழுதப்படுகிறது. எப்போதும் யாரையாவது வெளியே நிறுத்துவதற்காக எழுதப்படுகிறது. இரத்தம் என்பது அந்தத் தாளில் வருகிற ஒரு சொல்.

தமிழ் படித்தவன் என்பதால் சொல்லில் கொஞ்சம் நிற்கிறேன். ‘வாரிசு’ அரபியிலிருந்து வந்தது. பழைய இலக்கியத்தில் அரசுரிமைக்குத் ‘தாயம்’ என்று பெயர். பங்காளியைத் ‘தாயாதி’ என்கிறோமே, அதிலும் இந்தச் சொல்தான் இருக்கிறது. திண்ணையில் கட்டம் போட்டு ஆடுகிற ஆட்டத்துக்கும் தாயம் என்றே பெயர். தாயம் விழாமல் காய் கட்டத்துக்குள் இறங்காது. ஐரோப்பிய அரண்மனைகளில் நடந்ததும் ஏறக்குறைய இந்த ஆட்டந்தான். ஒரே வித்தியாசம், அங்கே தாயம் விழுந்த பிறகு ஆட்டத்தின் விதியை எழுதுவார்கள்.

2

1547 மார்ச் 31 அன்று பிரான்சின் மன்னர் முதலாம் பிரான்சுவா இறந்தார். உடலைப் புதைப்பதற்கு முன் வாரக்கணக்கில் சடங்கு. மன்னரின் முகத்தைப் போலவே முகம் செய்து, அரச உடை போர்த்தி, முடி சூட்டி, ஓர் உருவ பொம்மையைக் கட்டிலில் கிடத்தினார்கள். பல நாட்கள் அந்தப் பொம்மைக்கு வேளாவேளைக்குச் சாப்பாடு பரிமாறப்பட்டது. மேசை போட்டு, விரிப்பு விரித்து, கை கழுவத் தண்ணீர் வைத்து, மன்னர் உயிரோடு இருந்தால் எப்படியோ அப்படி. அத்தனை நாளும் புது மன்னரான மகன் இரண்டாம் ஹென்றி கண்ணில் படாமல் ஒதுங்கியிருந்தார்.

கேட்டால் சிரிப்பு வருகிறது. ஆனால் அதன் தர்க்கம் அவ்வளவு லேசானதல்ல. செத்துப்போனது ஒரு மனிதன், ‘மன்னர்’ சாகவில்லை. சாகாத அந்த மன்னர் இப்போது எங்கே இருக்கிறார்? பொம்மையில் இருக்கிறார். பொம்மை சாப்பிடும்வரை மகன் முன்னால் வந்தால் ஒரே நேரத்தில் இரண்டு மன்னர்கள் ஆகிவிடும். பொம்மையை எடுத்துவிட்டு, ‘மன்னர் இறந்தார், மன்னர் வாழ்க’ என்று ஒரே மூச்சில் கூவும்போது நடுவில் விழுந்த பள்ளம் மறைந்துவிடுகிறது.

இதைக் கோட்பாடாக விளக்கியவர் எர்னஸ்ட் கன்டோரோவிச். இளமையில் ஜெர்மன் தேசியவாதியாகத் துப்பாக்கி ஏந்தியவர், யூதர் என்பதால் ஹிட்லரின் ஜெர்மனியை விட்டு 1938இல் வெளியேறியவர். ‘மன்னரின் இரண்டு உடல்கள்’ என்ற அவருடைய நூல் 1957இல் அமெரிக்காவில் வெளிவந்தது. மன்னருக்கு நோயும் மூப்பும் வருகிற இயற்கை உடல் ஒன்று, சாகாத அரசியல் உடல் ஒன்று என்று ஆங்கிலேயச் சட்ட அறிஞர்கள் பேசியதை அவர் எடுத்துக்காட்டுகிறார். அவர்கள் இதைப் பேசியது தத்துவ மேடையில் அல்ல, ஒரு நிலக்குத்தகை வழக்கில். ஒன்பது வயதில் பட்டத்துக்கு வந்த ஆறாம் எட்வர்ட், வயது வராதபோதே கொடுத்த குத்தகை செல்லுமா செல்லாதா? எலிசபெத் காலத்துச் சட்ட அறிஞர்கள் செல்லும் என்றார்கள். பையனுக்குத்தான் வயது பத்தோ பன்னிரண்டோ. மன்னருக்கு மைனர் பருவம் கிடையாது என்பது அவர்கள் வாதம்.

ஆக, ‘தெய்வீக’ உடல் என்று நாம் நினைக்கிற ஒன்று நிலப் பத்திரத்தைக் காப்பாற்றுவதற்காக இழைத்து இழைத்துச் செய்யப்பட்டது. மன்னருக்கு எதிராகவும் அது பயன்பட்டது. 1642இல் இங்கிலாந்து நாடாளுமன்றம் சார்லஸை எதிர்த்துப் படை திரட்டியபோது மன்னரின் பெயரால்தான் திரட்டியது. அரசியல் உடல் எங்களிடம், இயற்கை உடல்தான் எதிரே குதிரையில் நிற்கிறது என்பது அதன் பொருள். 1649 ஜனவரி 30 அன்று அந்த இயற்கை உடலின் தலை வெட்டப்பட்டது.

3

அடுத்து, விதியைப் பின்னால் எழுதுகிற கதை. பெண்ணுக்குப் பட்டம் கிடையாது என்பது பிரான்சில் ஆதி காலத்துச் ‘சாலிக் சட்டம்’ என்று பாடப்புத்தகங்கள் சொல்லும். நடந்தது வேறு.

1316 ஜூனில் பத்தாம் லூயி இறந்தார். ஒரு சிறுமி இருந்தாள், பெயர் ஜோன். மனைவி கர்ப்பமாக இருந்தார். நாடே வயிற்றைப் பார்த்துக் காத்திருந்தது. நவம்பரில் ஆண் குழந்தை பிறந்தது. முதலாம் ஜான் என்று பெயர். ஐந்தே நாள் இருந்தது. உடனே லூயியின் தம்பி ஃபிலிப் சிறுமியைத் தள்ளிவிட்டு 1317 ஜனவரியில் முடிசூட்டிக்கொண்டார். சிறுமியின் தாய்மீது முன்பே கள்ளத்தொடர்புக் குற்றம் சுமத்தப்பட்டிருந்தது. அவள் லூயிக்குப் பிறந்தவள்தானா என்ற ஐயத்தைக் கிளப்ப அது போதுமானதாக இருந்தது. முடிசூட்டு முடிந்த பிறகு பாரிசில் பிரபுக்களும் குருமார்களும் கூடி, பிரான்சின் அரசுரிமை பெண்ணுக்கு இல்லை என்று அறிவித்தார்கள். முதலில் முடி, பிறகு விதி.

விதி எழுதியவரையே விதி கடித்தது. 1322இல் ஃபிலிப் இறந்தபோது அவருக்கும் பெண் பிள்ளைகளே எஞ்சியிருந்தார்கள். அண்ணன் மகளுக்கு இல்லை என்றால் உன் மகள்களுக்கு எப்படி உண்டு? அவருடைய தம்பி சார்லஸ் ஏறினார். அவரும் 1328இல் ஆண் வாரிசு இல்லாமல் இறந்தார். இப்போது அவர்களுடைய சகோதரி இசபெல்லாவின் மகன், இங்கிலாந்து மன்னர் மூன்றாம் எட்வர்ட், எனக்கும் உரிமை உண்டு என்றார். ஆங்கிலேயனை உள்ளே விடப் பிரெஞ்சுப் பிரபுக்களுக்கு மனமில்லை. பெண்ணுக்கு இல்லாத உரிமை பெண் வழியாகவும் வராது என்று விதி நீண்டது. பெரியப்பா-சித்தப்பா வழிப் பங்காளியான வலுவா ஃபிலிப்புக்குப் பட்டம் போயிற்று. 1337இல் தொடங்கிய போர் விட்டுவிட்டு 1453 வரை நடந்தது. இன்று நூறாண்டுப் போர் என்கிறோம்.

சாலிக் சட்டம் எங்கே வந்தது? அது ஃபிராங்கு இனக்குழுவின் 6ஆம் நூற்றாண்டுத் தொகுப்பு. அதில் ஒருவகை நிலம் பெண்ணுக்குப் போகாது என்று ஒரு பிரிவு உண்டு. அரசுரிமை பற்றி அது எதுவும் பேசவில்லை. சண்டை எல்லாம் நடந்து பல பத்தாண்டுகள் கழிந்த பிறகுதான் அந்தப் பழைய ஏட்டைத் தேடி எடுத்து, இதோ ஆதியிலிருந்தே இப்படித்தான் என்று காட்டினார்கள். ‘மரபு’ என்று நம் முன்னால் ஒன்றை வைக்கும்போது, அது எந்த வருஷம் ஏட்டிலிருந்து தூசி தட்டி எடுக்கப்பட்டது என்று கேட்பது நல்லது.

இன்னொன்று. பிரான்சுக்கு ஆகாது என்று தள்ளப்பட்ட அதே ஜோன், 1328இல் நவார் நாட்டுக்கு அரசியானாள். ஒரே பெண், ஒரே இரத்தம். மலைக்கு இந்தப் பக்கம் செல்லாதது அந்தப் பக்கம் செல்லுபடியானது.

4

இப்போது வியன்னாவுக்குப் போவோம். இந்தக் கதை கடைசியில் நம் கடற்கரைக்கு வந்து சேர்கிறது.

ஹாப்ஸ்பர்க் குடும்பத்தின் ஸ்பானியக் கிளை 1700 நவம்பரில் இரண்டாம் கார்லோசோடு முடிந்தது. அவருடைய அம்மா, அப்பாவுக்குச் சொந்தத் தங்கை மகள். சொத்து வெளியே போகக்கூடாது என்று தலைமுறை தலைமுறையாக உள்ளுக்குள்ளேயே கொண்டும் கொடுத்தும், கடைசியில் பிள்ளை பெற முடியாத ஒரு நோயாளி மன்னர். அவர் உயிலை வைத்து ஐரோப்பாவே பத்து வருஷத்துக்கு மேல் அடித்துக்கொண்டது. 1713 உட்ரெக்ட் சமாதானத்தில் ஆளாளுக்குப் பங்கு பிரித்தார்கள். பிரிட்டனுக்கு ஜிப்ரால்டர் கிடைத்தது. கூடவே ஸ்பானிய அமெரிக்காவுக்கு ஆண்டுக்கு 4,800 ஆப்பிரிக்க அடிமைகளை 30 ஆண்டுகளுக்கு விற்கிற ஏகபோகமும் கிடைத்தது. ஒரு மன்னருக்குப் பிள்ளையில்லாமல் போனதன் கணக்கு மேற்கு ஆப்பிரிக்கக் கடற்கரையில் தீர்க்கப்பட்டது. வாரிசுப் போர்களை அரண்மனைச் சண்டையாக மட்டும் படிக்கிறவர்கள் இந்த ஒரு ஷரத்தைப் படித்தால் போதும்.

அதே 1713இல் ஆஸ்திரியக் கிளையின் ஆறாம் சார்லஸ் ஒரு சாசனம் வெளியிட்டார். ‘பிராக்மாட்டிக் சாங்ஷன்’ என்பார்கள். ஆண் வாரிசு இல்லையென்றால் என் மகள்களுக்கு, அதற்குப் பிறகுதான் இறந்துபோன என் அண்ணன் ஜோசப்பின் மகள்களுக்கு என்றது சாசனம். பத்து வருஷத்துக்கு முன் அண்ணன், தம்பி, அப்பா மூவரும் செய்த ஒப்பந்தத்தில் அண்ணன் மகள்களே முதலில் இருந்தார்கள். இதில் வேடிக்கை, சாசனம் எழுதியபோது சார்லஸுக்குப் பிள்ளையே இல்லை. மரியா தெரேசா பிறந்தது 1717இல்.

பிறகு சுமார் இருபது வருஷம் சார்லஸ் செய்த முக்கிய வேலை, மற்ற அரசுகளிடம் இந்தத் தாளுக்குக் கையெழுத்து வாங்கியதுதான். ஒவ்வொரு கையெழுத்துக்கும் ஒரு விலை. பிரிட்டன் கேட்ட விலை ஓஸ்டெண்ட் கம்பெனி. ஆஸ்திரிய ஆட்சியிலிருந்த நெதர்லாந்துப் பகுதியிலிருந்து கீழைநாடுகளோடு வணிகம் செய்த கம்பெனி அது. லண்டன் வியாபாரிகளுக்குப் போட்டி. 1727இல் நிறுத்திவைத்து, 1731 வியன்னா ஒப்பந்தத்தில் அதைக் கைவிட்டார் சார்லஸ். அந்தக் கம்பெனிக்குச் சோழமண்டலக் கரையில் இருந்த கிடங்கு எங்கே தெரியுமா? சென்னைக்குத் தெற்கே உள்ள கோவளத்தில். இன்றைக்கு நாம் அலை பார்க்கவும் மீன் சாப்பிடவும் போகிற அதே கோவளம். ஒரு பெண்ணுக்கு வியன்னாவில் பட்டம் கிடைக்க வேண்டும் என்று இங்கே ஒரு கடை மூடப்பட்டது.

1740 அக்டோபரில் சார்லஸ் இறந்தார். டிசம்பரில் பிரஷ்யாவின் இரண்டாம் ஃபிரெடெரிக் சிலேசியாவுக்குள் படை நடத்தினார். அவருடைய அப்பா அந்தத் தாளை ஏற்றுக்கொண்டவர். பிரான்சும் ஏற்றுக்கொண்டிருந்தது, பிறகு எதிர்ப் பக்கம் போனது. இருபது வருஷத்துக் கையெழுத்து எட்டு வாரம் தாங்கவில்லை. மரியா தெரேசாவுக்கு வயது 23. ஹங்கேரிப் பிரபுக்கள் 1741 ஜூனில் பிரெஸ்பர்க் நகரில் அவருக்கு முடிசூட்டினார்கள், ‘அரசி’யாக அல்ல, ‘அரசன்’ என்ற பட்டத்தோடு. இரண்டு உடல் தத்துவம் இங்கேயும் உதவியது: இயற்கை உடல் பெண், அரசியல் உடல் ஆண். பேரரசர் பதவி மட்டும் பெண்ணுக்குக் கிடையாது. 1745இல் அவருடைய கணவர் ஃபிரான்சிஸைத் தேர்ந்தெடுத்து அதைச் சரிக்கட்டினார்கள்.

பிரிட்டன் அவர் பக்கம், பிரான்சு எதிர்ப்பக்கம். 1744இல் இருவரும் நேரடிப் போருக்கு வந்தார்கள். 1746 செப்டம்பரில் பிரெஞ்சுத் தளபதி லா பூர்தொனே சென்னைக் கோட்டையைப் பிடித்தார். அக்டோபரில் அடையாற்றங்கரையில் ஆற்காட்டு நவாப் அன்வருதீனின் மகன் மாபூஸ்கான் பெரும்படையோடு வந்து, பராதி என்ற அதிகாரி நடத்திவந்த, ஆயிரம்பேர்கூடத் தேறாத பிரெஞ்சுப் படையிடம் தோற்றுத் திரும்பினார். சின்னப் படை, பயிற்சி பெற்ற துப்பாக்கி வரிசை, அவ்வளவுதான். இந்த மண்ணின் குதிரைப் படைகளைப் பற்றி ஐரோப்பியருக்கு இருந்த பயம் அன்றைக்குத் தெளிந்தது. 1748 எக்ஸ்-லா-ஷபேல் சமாதானத்தில் சென்னை மறுபடி ஆங்கிலேயருக்கு. பதிலுக்குப் பிரான்சுக்கு வட அமெரிக்காவில் லூயிபூர்க் கோட்டை. சென்னையில் இருந்தவர்களை யாரும் கேட்கவில்லை.

துய்ப்ளேயிடம் துபாஷாக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பில் இந்தக் காலம் நாள்நாளாகப் பதிவாகியிருக்கிறது. நான் எம்.ஏ. படித்தபோது அது ‘உரைநடை வளர்ச்சி’ என்ற தலைப்பின் கீழ் வந்துபோனது. அந்தப் பிரதிக்குள் வியன்னாவின் வாரிசுச் சண்டை புதுச்சேரித் தெருவுக்கு வந்து நிற்கிறது என்று யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை. இந்தப் போரில் கற்ற பாடத்தைக் கம்பெனிகள் அடுத்த வருஷமே பயன்படுத்தின. 1749இல் ஆம்பூர்ப் போரில் அன்வருதீன் கொல்லப்பட்ட பின், ஆற்காட்டுப் பட்டத்துக்குச் சந்தா சாகிப்பா முகமதலியா என்ற சண்டையில் ஆளுக்கொரு பக்கம் நின்றன. பிறத்தியார் வீட்டு வாரிசுச் சண்டைதான் நாடு பிடிக்க வசதியான வாசல் என்பதைத் தங்கள் வீட்டுச் சண்டையிலிருந்து கற்றவர்கள் அவர்கள்.

5

இதுவரை பெண்ணை வெளியே நிறுத்திய தாளைப் பார்த்தோம். பிறப்பில் ‘தாழ்ந்தவரை’ வெளியே நிறுத்துகிற தாளும் உண்டு.

ஜெர்மன் மொழி பேசிய அரச குடும்பங்களில் ‘சமப் பிறப்பு’ என்று ஒரு விதி இருந்தது. அரச குடும்பத்து ஆண் தனக்குச் சமமான வீட்டில்தான் பெண் எடுக்க வேண்டும். மீறினால் திருமணம் செல்லும், ஆனால் பிள்ளைகளுக்குப் பட்டமும் இல்லை, உரிமையும் இல்லை. யார் சமம்? நெப்போலியன் காலத்தில் நாடு இழந்த சிற்றரசுக் குடும்பங்களும் சமமானவையே என்று 1815 ஜெர்மன் கூட்டாட்சிச் சட்டத்தில் எழுதிவைத்தார்கள். கோத்தா நகரத்திலிருந்து 1763 முதல் 1944 வரை வந்த ஒரு பஞ்சாங்கத்தில் குடும்பங்களை வகைவகையாகப் பிரித்து அச்சடித்தார்கள். எந்தப் பிரிவில் உங்கள் குடும்பம் இருக்கிறதோ அதுதான் உங்கள் இரத்தம். நம்ம ஊர்க்காரர்களுக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

ஆஸ்திரியப் பட்டத்து இளவரசர் ஃபிரான்ஸ் ஃபெர்டினாண்ட் மணக்க விரும்பிய சோஃபி ஷோடெக், பொஹீமியாவின் பழைய பிரபு குடும்பத்துப் பெண். பிரபு குடும்பம்தான், சமக் குடும்பம் அல்ல. 1900 ஜூன் 28 அன்று, மனைவிக்கும் பிறக்கப்போகும் பிள்ளைகளுக்கும் எந்த உரிமையும் இல்லை என்று இளவரசர் சபை முன் உறுதிமொழி கொடுத்துக் கையெழுத்திட்டார். பிறகே கல்யாணம். அரண்மனை விழாக்களில் கணவரோடு சேர்ந்து வர சோஃபிக்கு அனுமதி இல்லை; குடும்பத்துப் பெண்கள் எல்லோருக்கும் பின்னால்தான் வரவேண்டும். சரியாகப் பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1914 ஜூன் 28 அன்று, சரயேவோவில் இருவரும் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். வியன்னாவில் வைத்தபோது சோஃபியின் சவப்பெட்டி ஒரு படி தாழ்வாக வைக்கப்பட்டது. அரச குடும்பத்துக் கல்லறையில் அவருக்கு இடமில்லை என்பது தெரிந்தே இளவரசர் தன் ஊரான ஆர்ட்ஸ்டெட்டனில் கல்லறை கட்டிவைத்திருந்தார். இருவரும் அங்கேதான் கிடக்கிறார்கள்.

இந்த இடத்தில் இன்றைய ‘சீர்திருத்தங்களை’யும் சொல்லிவிடலாம். 1980இல் ஸ்வீடன், மூத்த பிள்ளை பெண்ணானாலும் அவளுக்கே பட்டம் என்றது. பிரிட்டன் 2013இல் சட்டம் இயற்றி 2015 முதல் அப்படியே செய்தது. ஸ்பெயின் அரசியல் சட்டத்தில் ஆணுக்கு முன்னுரிமை இன்னும் அப்படியே இருக்கிறது. ஆண் பெண் சமத்துவத்தில் எனக்கு என்ன மறுப்பு? ஆனால் ஒரு வீட்டில் பிறந்தவர்கள் மட்டுமே நுழையக்கூடிய கதவில், அந்த வீட்டுப் பெண்ணும் நுழையலாம் என்பதைச் சமத்துவம் என்று கொண்டாட எனக்குக் கை வரவில்லை. பிரிட்டிஷ் மன்னர் கத்தோலிக்கராக இருக்கக்கூடாது என்ற 1701ஆம் ஆண்டு விதியும் அப்படியே நிற்கிறது. அன்றைக்கு அந்த விதிக்காக ஐம்பதுக்கும் மேற்பட்ட நெருங்கிய உறவினர்களைத் தாண்டிப்போய் ஹானோவரில் ஒரு குடும்பத்தைத் தேடிப் பிடித்தார்கள். இரத்தம் இரத்தம் என்கிறார்களே, ஐம்பது பேரைத் தாண்டிக் குதித்த இரத்தம் அது.

6

சரி, முடியாட்சியை ஒழித்தவர்கள் என்ன செய்தார்கள்? நம்மைப் போன்றவர்களுக்கு இதுதான் கேள்வி.

ஆலிவர் கிராம்வெல் 1657இல் தனக்கு நீட்டப்பட்ட முடியை மறுத்தார். மறுத்தவர், தனக்குப் பின் வருபவரைத் தானே பெயர் சொல்லும் உரிமையை மட்டும் ஏற்றுக்கொண்டார். 1658 செப்டம்பர் 3 அன்று இறந்தார். சாகும் தறுவாயில் மகன் ரிச்சர்டைத்தான் சொன்னார் என்று சுற்றியிருந்தவர்கள் சொன்னார்கள். எழுத்தில் எதுவும் வெளிவரவில்லை. பிறகு என்ன நடந்தது? மன்னர்களுக்குச் செய்தது போலவே அவருக்கும் உருவ பொம்மை செய்து பார்வைக்கு வைத்தார்கள். பொம்மையின் தலையில் முடி சூட்டினார்கள். உயிரோடு இருந்தவர் வேண்டாம் என்றதைப் பொம்மை அணிந்துகொண்டது. மகன் ரிச்சர்ட் 1659 மே மாதம் விலகினார். 1660இல் மன்னராட்சி திரும்பியது. 1661 ஜனவரி 30 அன்று கிராம்வெல்லின் பிணத்தைத் தோண்டியெடுத்துத் தூக்கில் தொங்கவிட்டார்கள்.

நெப்போலியன் கதை இன்னும் கூர்மையானது. 1804 மார்ச்சில் வெளிவந்த அவருடைய சிவில் சட்டம் மூத்த மகனுக்கே சொத்து என்ற பழைய முறைக்கு இடம் தராமல் பிள்ளைகளுக்குச் சமபங்கு என்றது. மே மாதம் அவரே பரம்பரைப் பேரரசர் ஆனார். குடிமகன் வீட்டில் பங்கு பிரி, நாட்டைப் பிரிக்காதே! 1810இல் மரியா தெரேசாவின் கொள்ளுப்பேத்தி மரி லூயிசை மணந்தார். 1811இல் மகன் பிறந்தான், ‘ரோமாபுரி மன்னன்’ என்று பட்டம். 1812 அக்டோபர் 23 அதிகாலை, மாலே என்ற தளபதி காவலிலிருந்து தப்பி, பேரரசர் ரஷ்யாவில் இறந்துவிட்டார் என்று போலித் தாள்களோடு பாரிசில் கிளம்பினார். படையாட்கள் நம்பினார்கள், பெரிய அதிகாரிகள் நம்பினார்கள். நகரத்தின் ஆட்சித் தலைவர் புதிய தற்காலிக அரசுக்கு அறை ஒழித்துக் கொடுக்க ஏற்பாடே செய்துவிட்டார். சில மணி நேரத்தில் எல்லாம் அடங்கியது. ரஷ்யாவில் சேதி கேட்ட நெப்போலியனை அதிரவைத்தது சதி அல்ல. என்னைச் செத்ததாக நம்பிய ஒருத்தனுக்குக்கூட என் மகன் ஞாபகம் வரவில்லையே என்பதுதான். தாள் இருந்தது, இரத்தம் இருந்தது, சட்டம் இருந்தது. நம்பிக்கை மட்டும் இல்லை. வாரிசுரிமை மற்றவர் தலைக்குள் இருக்கிற ஒரு பழக்கம் என்பதை அந்த ஒரு காலை நிரூபித்துவிட்டது.

மூன்றாவது உதாரணத்தை எழுதச் சங்கடமாக இருக்கிறது, ஆனாலும் எழுத வேண்டும். 1922 டிசம்பரிலும் அடுத்த மாதமும் நோய்ப்படுக்கையிலிருந்து லெனின் சொல்லச் சொல்ல எழுதப்பட்ட குறிப்புகளில், ஸ்டாலினைப் பொதுச் செயலாளர் பதவியிலிருந்து அகற்ற வழி தேடுங்கள் என்று இருந்தது. 1924 ஜனவரி 21 அன்று லெனின் இறந்தார். அந்தக் கடிதம் மே மாதக் கட்சிப் பேராயத்தில் பிரதிநிதிகளுக்குத் தனித்தனிக் குழுக்களாகப் படித்துக் காட்டப்பட்டதே தவிர அச்சாகவில்லை. சோவியத் நாட்டில் அது வெளியானது 1956இல். கடிதம் பெட்டிக்குள் போனது, உடல் கண்ணாடிக்குள் வந்தது. நினைவுச் சின்னங்கள் வேண்டாம், அவர் பெயரில் குழந்தைகள் காப்பகமும் பள்ளியும் கட்டுங்கள் என்று குரூப்ஸ்கயா ‘பிராவ்தா’வில் எழுதினார். யார் கேட்டார்கள்? பிரான்சுவாவின் பொம்மைக்குச் சில நாட்கள்தான் சோறு வைத்தார்கள். இந்த உடல் நூறு ஆண்டுகள் கடந்தும் இருக்கிறது. லெனினுக்குப் பிள்ளை இல்லை. இருந்தும் வாரிசுப் பிரச்சினை வந்தது. அங்கே இரத்தத்தின் இடத்தில் ‘உண்மையான சீடன்’ என்ற சொல் உட்கார்ந்துகொண்டது.

7

அப்படியானால் தேர்தல் வைத்தால் தீர்ந்ததா? அதுவும் அவ்வளவு சுலபம் இல்லை. போலந்தில் 1573 முதல் மன்னரைத் தேர்ந்தெடுத்தார்கள். வாக்கு பிரபுக்களுக்கு மட்டும். வெளிநாட்டு அரசுகள் பணத்தையும் படையையும் கொண்டுவந்து தேர்தலை விலைக்கு வாங்கின. அது பொறுக்காமல் 1791 மே 3 அரசியல் சட்டம், அந்தக் காலத்தின் மிக முற்போக்கான சாசனங்களில் ஒன்று, மன்னர் பதவியைப் பரம்பரையாக்கியது. 1795க்குள் போலந்தே வரைபடத்தில் இல்லை. தேர்தல் என்ற சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டு தொங்குகிறவர்கள் இதையும் யோசிக்க வேண்டும்: யார் வாக்களிக்கிறார், யார் பணம் தருகிறார், யார் வாசலில் நிற்கிறார்?

குளோது லெஃபோர் என்ற பிரெஞ்சுச் சிந்தனையாளர், ஒரு காலத்தில் இடதுசாரிக் குழுவில் இயங்கிப் பிறகு சர்வாதிகாரத்தைப் பற்றியே யோசித்தவர், ஜனநாயகத்தை இப்படி விளக்குகிறார்: அதில் அதிகாரத்தின் இடம் ஒரு வெற்றிடம். அங்கே போய் உட்காருகிறவர் யாரும் அந்த இடமாகவே ஆகிவிட முடியாது. மன்னரின் உடல் அகன்ற பிறகு அந்தப் பள்ளத்தை மூடாமல், எல்லோர் கண்ணுக்கும் தெரிகிற மாதிரி திறந்தே வைத்திருப்பது ஜனநாயகம். அதை ‘மக்கள்’ என்றோ ‘கட்சி’ என்றோ ‘இனம்’ என்றோ ஒரே உடலால் அடைக்கப் பார்ப்பது சர்வாதிகாரம். லெஃபோரோடு எனக்கு முழு உடன்பாடு இல்லை. வெற்றிடத்தைச் சுற்றி வேலி போட்டிருப்பது பணம் என்பதை அவர் போதுமான அளவு பேசவில்லை. ஆனாலும் பள்ளத்தைப் பள்ளமாகவே பார் என்று சொன்னதற்காக அவருக்குக் கடன்பட்டிருக்கிறேன்.

நண்பர் சொன்ன ‘எச்சம்’ என்ற சொல்லுக்கு வருகிறேன். எச்சம் காலம் போகப்போகத் தேயும். நாம் பார்த்ததோ தேயவில்லை. முடியாட்சியில் இருந்தது, புரட்சியில் இருந்தது, பிள்ளையில்லாத இடத்திலும் இருந்தது. ஒவ்வொரு முறையும் ஒருவர் செத்த பிறகு, மூடிய அறைக்குள் சிலர் அவசர அவசரமாகப் புதிதாகச் செய்கிற ஏற்பாடு அது. ஆகவே அதை எதிர்ப்பவர்கள் கேட்க வேண்டிய கேள்வி, யாருடைய மகன் என்பதல்ல. தாள் எப்போது எழுதப்பட்டது, அறைக்குள் யார் இருந்தார்கள், யாரை வெளியே நிறுத்தினார்கள் என்பதே கேள்வி. நிறுவியவர் உயிரோடு இருக்கும்போதே, அவர் முகத்துக்கு நேரே கேட்கப்பட வேண்டிய கேள்வி. அமைப்பு பெரிதாக இருந்தாலும் சரி, பத்துப் பேர் கூடுகிற வட்டமாக இருந்தாலும் சரி.

2022 செப்டம்பர் 8 அன்று இரண்டாம் எலிசபெத் இறந்தார். அந்த நொடியே சார்லஸ் மன்னர். 10ஆம் தேதி லண்டனில் பிரகடனம் படித்தார்கள், 11ஆம் தேதி மற்ற ஊர்களில். ஆக்ஸ்ஃபோர்டில் பிரகடனம் படித்துக்கொண்டிருந்தபோது கூட்டத்தில் நின்ற ஒருவர், ‘இவரை யார் தேர்ந்தெடுத்தது?’ என்று சத்தமாகக் கேட்டார். போலீஸ் அவரைக் கைது செய்து கொண்டுபோனது. பிறகு வழக்குப் போட்டு, அடுத்த ஜனவரியில் கைவிட்டார்கள். முதலாளித்துவம் முழுசாக வளர்ந்த நாடு அது. எச்சம்தானே, ஒரு கேள்விக்கு எதற்கு விலங்கு மாட்டினார்கள்? அடுத்த கூட்டத்தில் நண்பரிடம் இதைத்தான் கேட்கப் போகிறேன், டீ வருவதற்கு முன்னால்.